இறந்தவரின் முகத்தைக் காட்ட யாரைக் கேட்க வேண்டும்? கலம் மக்ரேயின் படங்களும் வன்னியும்

2024 மே 3. ஒரு வாசகரின் கேள்வி

"கலம் மக்ரே என்ற பிரித்தானியத் தொலைக்காட்சி இயக்குநர் வன்னியின் பிணங்களைக் காட்டித்தான் உலகப் பெயர் எடுத்தார். அந்தக் காட்சிகளில் கிடப்பவர்களின் தாய் தகப்பனிடம் யாராவது அனுமதி கேட்டார்களா? தங்கள் நாட்டு மக்களின் உடல்களை இப்படிக் காட்டுவார்களா? நீங்கள் கிளிநொச்சியில் இருக்கிறீர்கள், படக்குழுக்களோடு வேலை செய்திருக்கிறீர்கள். பதில் எழுதுங்கள்."

மே 4, காலை

கேள்வியில் பாதியை ஏற்கிறேன். மற்றப் பாதியை ஏற்க முடியாது.

முதலில் நடந்ததை வரிசையாக வைப்போம். கைகள் பின்னால் கட்டப்பட்ட நிர்வாண ஆண்களைச் சீருடைக்காரர் சுடும் காட்சி சனல் 4 செய்தியில் வந்தது 2009 ஓகஸ்ட் 25இல். அதற்கும் மக்ரேக்கும் தொடர்பில்லை. ஜோன் ஸ்னோ தொகுத்து வழங்கிய ஒரு மணி நேர நிகழ்ச்சி 2011 ஜூன் 14 இரவு ஒளிபரப்பானது. அதை இயக்கியவர்தான் மக்ரே. 2012 மார்ச்சில் அதன் தொடர்ச்சி வந்தது. அரசாங்கம் அறிவித்த பாதுகாப்பு வலயங்களையே தலைப்பாக்கிய முழுநீளப் படம் 2013 மார்ச்சில் ஜெனிவாவில், மனித உரிமைகள் பேரவை கூடியிருந்த வேளையில் திரையிடப்பட்டது.

இந்த மூன்றிலும் இரண்டு வகைக் காட்சிகள் இருக்கின்றன. இரண்டையும் ஒன்றாகக் கட்டிப் பேசுவதால்தான் இந்த விவாதம் ஒவ்வொரு மே மாதமும் குழம்புகிறது. ஒரு வகை, உள்ளே அகப்பட்டிருந்த நம் ஆட்களே எடுத்தது. புதுமாத்தளன் பள்ளிக்கூடத்தில் இயங்கிய வைத்தியசாலை, தறப்பாள் கொட்டில்கள், பதுங்குகுழிக்குள் ஒடுங்கிய பிள்ளைகள் எல்லாம் அதில் வரும். இன்னொரு வகை, வென்றவர்கள் தங்கள் கைத்தொலைபேசிகளில் வெற்றிச் சின்னமாக எடுத்து வைத்துக்கொண்டது.

முதல் வகைக்கு யார் அனுமதி கொடுத்தார்கள் என்பதை நான் கண்ணால் கண்டேன். அப்போது உயர்தரம் படித்துக்கொண்டிருந்தேன். படிப்பு உடையார்கட்டோடு நின்றுவிட்டது. மாத்தளனில் எங்கள் கொட்டிலுக்குப் பக்கத்தில் செல் விழுந்தபோது ஒருவர் கமராவைத் தூக்கிக்கொண்டு ஓடி வந்தார். ஒரு பெண் தன் பிள்ளையை மடியில் கிடத்திக்கொண்டு அவரைப் பார்த்துக் கத்தினாள்: "எடு தம்பி, எடு. எல்லாருக்கும் கொண்டுபோய்க் காட்டு." வேறு எந்தக் கையெழுத்து வேண்டும்? அந்தக் காட்சியை இலண்டனில் இருக்கும் ஒருவர் இரவு பதினொரு மணிக்குப் பின் எச்சரிக்கையோடு ஒளிபரப்பினால் அவர் திருடவில்லை. அவள் சொன்னதைச் செய்கிறார்.

இரண்டாம் வகை வேறு. அதில் கிடப்பவர்கள் யாரும் எதற்கும் இணங்கவில்லை. படமெடுத்ததும் அவர்களுக்குச் செய்த கொடுமையின் ஒரு பகுதிதான். அதை மறுபடி காட்டும் ஒவ்வொரு முறையும் காட்டுபவர் விடை சொல்லியாக வேண்டும். உறவினரைத் தேடிப்பிடித்துக் கேட்காமல் அதைக் காட்டக் கூடாது என்பது என் நிலை.

மே 4, இரவு

"அப்படியானால் ஜெனிவாவில் எதைக் காட்டியிருப்பீர்கள்?" என்று கேட்டிருக்கிறார்கள்.

எளிதான கேள்வி இல்லை. நாளை எழுதுகிறேன்.

மே 6

பதிலுக்கு முன் நான் செய்த வேலையைப் பற்றிச் சொல்ல வேண்டும். என் தொழில் கலியாண வீடும் சாமத்திய வீடும் வீடியோ எடுப்பது. 2012க்குப் பிறகு வெளிநாட்டுக் குழுக்களும் கொழும்புக் குழுக்களும் வரத் தொடங்கின. ஆட்களை ஒழுங்குசெய்து கொடுப்பதும் மொழிபெயர்ப்பதும் என் பக்க வேலையாயின. வரும் குழு எந்த நாட்டிலிருந்து வந்தாலும் தேடுவது ஒரே காட்சியைத்தான். படத்தைக் கையில் பிடித்துக்கொண்டு அழும் தாய்.

தர்மபுரம் பக்கம் ஒரு அம்மாவின் வீட்டுக்கு ஒரு குழுவைக் கூட்டிப் போனேன். முற்றத்தில் குழாய்த் தண்ணீர் இருந்தது. கிணற்றிலிருந்து குடத்தில் அள்ளிக்கொண்டு நடக்கச் சொன்னார்கள். நடந்தார். மகனின் படத்தைத் திண்ணையில் வைத்துப் பார்க்கச் சொன்னார்கள். பார்த்தார். வெளிச்சம் போதவில்லை என்று மறுபடி பார்க்கச் சொன்னார்கள். மகனை இராணுவத்திடம் ஒப்படைத்த அந்த நிமிடத்தில் என்ன உணர்ந்தீர்கள் என்று கேட்கச் சொன்னார்கள். அந்தக் கேள்வியைத் தமிழில் சொல்லும்போது என் நாக்கே கூசியது. அவர் பதில் சொல்லவில்லை. என்னைப் பார்த்து, "தம்பி, இதை எனக்குக் காட்டுவார்களா?" என்று மட்டும் கேட்டார். கட்டாயம் அனுப்புவோம் என்றார்கள். வரவில்லை. வந்தது வேறு: மோட்டார் சைக்கிளில் சாதாரண உடுப்போடு இரண்டு பேர். யார் வந்தார்கள், என்ன கேட்டார்கள், நீ என்ன சொன்னாய் என்று விசாரித்துவிட்டுப் போனார்கள். குழு அப்போது விமானம் ஏறியிருக்கும்.

இதே வேலையை நேர்மையாகச் செய்தவர்களையும் கண்டேன். தெற்கிலிருந்து வந்த ஒரு சிங்களப் பெண், என்னைவிட வயதில் குறைந்தவர், அரைகுறைத் தமிழில் தானே பேசினார். சில மாதம் கழித்து மடிக்கணினியோடு திரும்பி வந்து அதே திண்ணையில் உட்கார்ந்து வெட்டி ஒட்டிய படத்தை முழுதாகப் போட்டுக் காட்டினார். மிஞ்சியிருக்கும் மகனைப் பற்றிய ஒரு வசனத்தை எடுத்துவிடு பிள்ளை என்றார் அந்த அம்மா. அங்கேயே எடுத்தார். படம் அதனால் ஒன்றும் குறைந்துவிடவில்லை.

எனக்கு இந்தத் துறையில் ஒரே அளவுகோல் இதுதான். எடுத்தவர் திரும்பி வந்தாரா? எடுக்கப்பட்டவருக்குக் காட்டினாரா? அவர் வேண்டாம் என்றதை எடுத்தாரா?

மே 7

மக்ரே திரும்பி வந்தாரா என்று உடனே கேட்டுவிட்டார்கள். வர முயன்றார். 2013 நவம்பரில் பொதுநலவாய மாநாட்டுக்காகக் கொழும்புக்கு வந்த சனல் 4 குழுவில் அவரும் இருந்தார். வடக்கு நோக்கிப் புறப்பட்ட தொடருந்தை அநுராதபுரத்தில் ஆர்ப்பாட்டக்காரர்கள் மறித்தார்கள். குழுவைக் கொழும்புக்கே திருப்பி அனுப்பினார்கள். நாங்கள் இங்கே வானொலியில் கேட்டுக்கொண்டிருந்தோம். அன்றைக்கு அவர் வந்து சேர்ந்திருந்தால் என்ன கேட்டிருப்போம் என்று பின்னேரம் தேநீர்க் கடையில் நெடுநேரம் கதைத்தோம்.

வன்னியைப் பற்றி உலகத்தில் அதிகம் பேர் பார்த்த படங்களை எடுத்தவரை வன்னிக்குள் கால் வைக்க விடவில்லை. ஆகவே "காட்டவில்லையே" என்ற குற்றத்தை அவர் தலையில் மட்டும் சுமத்த முடியாது.

மே 7, சற்றுப் பின்

மலேசியாவிலிருந்து ஒரு அக்கா நினைவூட்டியிருக்கிறார், நன்றி. அந்த முழுநீளப் படத்தை 2013 ஜூலையில் கோலாலம்பூரில் திரையிட்டதற்காக லீனா ஹென்ட்ரி என்ற மனித உரிமைச் செயற்பாட்டாளர்மீது அந்த நாட்டுத் திரைப்படத் தணிக்கைச் சட்டத்தின் கீழ் வழக்குத் தொடுத்தார்கள். நாலு வருடம் இழுத்து 2017இல் 10,000 ரிங்கிட் அபராதம் விதித்தார்கள். இந்தியாவில் தணிக்கைக் குழு 2014இல் சான்றிதழ் மறுத்தது. மக்ரே அங்குள்ளவர்களுக்காக இணையத்தில் இலவசமாகத் திறந்துவிட்டார். சிங்களத்திலும் ஒரு பதிப்புச் செய்தார். அது எனக்குப் பெரிய காரியமாகத் தெரிகிறது. தன் படம் போய்ச் சேரவேண்டிய வீடு எது என்று அவருக்குத் தெரிந்திருக்கிறது.

மே 9

மே 4இல் எழுதியதோடு இன்னொன்றைச் சேர்த்தாக வேண்டும். இரண்டு நாளாக அதுவே மனதில் நிற்கிறது.

2017 பெப்ரவரி 20 அன்று கிளிநொச்சி கந்தசுவாமி கோவில் முன்பாகக் காணாமலாக்கப்பட்டோரின் உறவினர்கள் போராட்டத்தில் உட்கார்ந்தார்கள். அந்தக் கொட்டகைக்கு நான் அடிக்கடி போவேன். ஒரு நாள் அங்கே ஒரு அம்மா என்னைத் தனியாகக் கூப்பிட்டார். கைத்தொலைபேசியில் அந்த வீடியோக்களில் ஒன்று. ஓரிடத்தில் நிறுத்தி, "தம்பி, நீ வீடியோ வேலை செய்கிறவன்தானே, இந்த மறைப்பை எடுத்துத் தருவாயா?" என்று கேட்டார். நிலத்தில் கிடந்த ஒருவரின் முகத்தில் ஒளிபரப்பாளர் போட்ட மங்கல் அது. அந்தத் தோளும் காதும் தன் மகனுடையவை போல இருக்கின்றன என்றார். ஒளிபரப்பில் மங்கலாக்கியதை நம்மால் திருப்பித் தெளிவாக்க முடியாது, அந்த விவரமே கோப்பில் இல்லை என்று விளக்கினேன். அவர் நம்பவில்லை. வேறு கடையில் கேட்கப்போவதாகச் சொன்னார்.

கண்ணியம், கண்ணியம் என்று பேசுகிறோம். அந்த மங்கல் யாருடைய கண்ணியத்துக்காகப் போடப்பட்டது? பார்ப்பவரின் மனம் நோகக் கூடாது, கிடப்பவரின் மானம் போகக் கூடாது என்பதற்காக. இரண்டும் சரியான காரணங்கள். ஆனால் அந்த அம்மாவுக்கு அது மூடிய கதவு. அவர் பார்க்க விரும்பவில்லை, பார்த்தாக வேண்டியிருக்கிறது. மகன்தான் என்று தெரிந்தால் அழுது முடித்துத் திவசம் செய்வார். இல்லை என்று தெரிந்தால் தேடுவார்.

ஆகவே உறவினரைக் கேட்காமல் காட்டக் கூடாது என்ற என் பேச்சு இந்த இடத்தில் முட்டி நிற்கிறது. கிடப்பவர் யார் என்றே தெரியாத காட்சியில் உறவினரை எப்படிக் கண்டுபிடிப்பது? காட்டினால்தானே அவர்கள் வருவார்கள்? இப்போது நான் நினைப்பது இப்படி. பொதுமக்களுக்கு மங்கலாக்கிய வடிவம். உறவினருக்கு, அவர்கள் கேட்டால், பக்கத்தில் துணைக்கு ஆள் வைத்து, ஒரு மூடிய அறையில், மறைப்பில்லாத மூலக்கோப்பு. 2021 மார்ச்சில் மனித உரிமைகள் பேரவை எடுத்த 46/1 தீர்மானத்தின்படி மனித உரிமை ஆணையாளர் அலுவலகம் சான்றுகளைத் திரட்டிப் பேணுகிறது. அங்கே சேர்ந்திருப்பவற்றை வழக்கறிஞர்கள் மட்டும்தான் பார்க்க வேண்டுமா? காத்திருந்த தாய்மாரில் பலர் செத்துவிட்டார்கள்.

மே 9, இரவு

இல்லை அண்ணா, அந்த அம்மாவின் பெயரை எழுதமாட்டேன். ஊரையும் எழுதமாட்டேன்.

மே 11

"உண்மையான காட்சிகளா என்பதே சந்தேகம், எல்லாம் தயாரிக்கப்பட்டவை" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். பழைய பல்லவி. 2010 ஜனவரியில் ஐ.நா. சிறப்பு அறிக்கையாளர் பிலிப் அல்ஸ்டன் மூன்று துறை நிபுணர்களிடம் 2009இல் வந்த முதல் காட்சியைக் கொடுத்துப் பார்த்தார்: தடயவியல் மருத்துவம், வீடியோ, துப்பாக்கி. உண்மையானதாகவே தெரிகிறது என்ற முடிவு வந்தது. 2011 மே இறுதியில், அவருக்குப் பின் வந்த கிறிஸ்டோஃப் ஹெய்ன்ஸ் நீளமான வடிவத்தையும் நிபுணர்களைக் கொண்டு ஆராய்ந்து அது உண்மையானது என்று பேரவையில் சொன்னார். 2011 நிகழ்ச்சி பற்றி பிரித்தானிய ஒளிபரப்பு ஒழுங்காற்று அமைப்பான ஒஃப்கொம்முக்கு நூற்றுக்கும் மேற்பட்ட முறைப்பாடுகள் போயின. விதிமீறல் இல்லை என்று அது முடிவு செய்தது. பாதுகாப்பு அமைச்சு 2011 ஓகஸ்டில் தானும் ஒரு பதில் படம் எடுத்து வெளியிட்டது. அதையும் பார்த்தேன். நாங்கள் இருந்த இடம் அதில் இல்லை.

இதற்கு மேல் இந்தக் கேள்விக்கு நேரம் செலவழிக்கமாட்டேன்.

மே 12

புலம்பெயர்ந்த நாடொன்றிலிருந்து ஒரு அண்ணா கோபமாக எழுதியிருக்கிறார். 2011 படத்தில் புலிகளின் பக்கத்துக் குற்றங்களை ஏன் சேர்க்க வேண்டும், அது அரசாங்கத்துக்குச் சாக்குக் கொடுப்பதல்லவா என்கிறார்.

அண்ணா, மரியாதையோடு சொல்கிறேன். உள்ளே இருந்தவன் நான். பிள்ளைபிடி, அதாவது புலிகளின் கட்டாய ஆட்சேர்ப்பு, நடந்தது. எங்கள் ஒழுங்கையில் ஒரு அக்காவைப் பெற்றவர்கள் தண்ணீர்த் தாங்கிக்குள் ஒளித்து வைத்திருந்தார்கள். வெளியேற முயன்றவர்களைச் சுட்டதும் நடந்தது. ஐ.நா. செயலாளர் நாயகத்தின் நிபுணர் குழு 2011 அறிக்கையில் இவற்றை எழுதியிருக்கிறது. 40,000 வரையான பொதுமக்கள் இறந்திருக்கலாம் என்று எழுதியதும் அதே அறிக்கைதான். ஒரு பக்கத்தை மட்டும் கிழித்து வைத்துக்கொண்டு மற்றப் பக்கத்தை நம்பு என்று கேட்க முடியாது. மக்ரே இரண்டையும் வைத்தார். அதனால்தான் அந்தப் படத்தை என் வீட்டில் வைத்துப் பார்க்க முடிகிறது. வைக்காமல் விட்டிருந்தால் என் அம்மாவே பாதியில் எழுந்து போயிருப்பார்.

வைத்தது போதுமா என்பது வேறு கேள்வி. போதாது என்று இங்கே சொல்பவர்களும் இருக்கிறார்கள். அவர்கள் பிள்ளைகளை இழந்தவர்கள். யார் கொண்டுபோய் இழந்தார்கள் என்று அவர்களுக்குத் தெரியும்.

மே 13

சட்டம் படிக்கும் தம்பி ஒருவர் கேட்டது: "இறந்தவர்களின் தனியுரிமை என்று சொல்லி நீதிமன்றம் படத்தைத் தடைசெய்தால் ஏற்பீர்களா?"

இதற்கு ஒரு பழைய வழக்கு இருக்கிறது. ஃபிரெட்ரிக் வைஸ்மன் என்ற அமெரிக்கர் 1960களில் மாசசூசெட்ஸில் ஒரு சிறை மனநல மருத்துவமனைக்குள் படம் எடுத்தார். நிர்வாணமாக அடைக்கப்பட்ட நோயாளிகள், கேலி செய்யும் காவலர்கள், மூக்கு வழியாகக் குழாய் விட்டு ஊட்டும் மருத்துவர் எல்லாம் அதில் இருந்தன. 1967இல் வந்தது. நோயாளிகளின் தனியுரிமையைக் காப்பதாகச் சொல்லி மாநில அரசே நீதிமன்றம் போனது. பொதுமக்களுக்குக் காட்டத் தடை விழுந்தது. அது நீங்க 1991 வரை ஆயிற்று.

யார் அந்த நோயாளிகளை நிர்வாணமாக வைத்திருந்தார்களோ அவர்களே அவர்களின் மானத்துக்காக வழக்காடினார்கள். கண்ணியம் என்ற வாதத்தை யார் எடுத்துக்கொண்டு வருகிறார் என்று பார்க்க வேண்டும் தம்பி. ஒரு தாய் வந்து "என் பிள்ளையைக் காட்டாதே" என்றால் அந்தக் கணமே நிறுத்த வேண்டும். ஒரு அமைச்சு வந்து அதே வாக்கியத்தைச் சொன்னால் நிறுத்தக் கூடாது.

வைஸ்மன் பிறகு பொதுத் தொலைக்காட்சிக்காக எடுத்த படங்கள் பல. 1989இல் பொஸ்டன் மருத்துவமனை ஒன்றின் தீவிர சிகிச்சைப் பிரிவைப் பற்றி ஆறு மணி நேரப் படம் ஒன்று செய்தார். சுவாசக் கருவியை நிறுத்துவதா வேண்டாமா என்று மருத்துவரும் உறவினரும் பேசிக்கொண்டே இருப்பார்கள். பின்னணிக் குரல் கிடையாது. அவசரமும் கிடையாது. மாத்தளனில் மயக்க மருந்தில்லாமல் கால் எடுத்த வைத்தியர்களை அப்படி ஒருவர் பொறுமையாக உட்கார்ந்து படமெடுத்திருந்தால் எப்படி இருந்திருக்கும் என்று நினைத்ததுண்டு. யாரும் உட்கார முடியாத இடம் அது.

மே 14

ஒரு சின்னக் குறிப்பு. 2008 செப்டம்பரில் ஐ.நா. வெளிநாட்டுப் பணியாளர்கள் கிளிநொச்சியை விட்டுப் போனபோது மக்கள் வாசலில் நின்று போகாதீர்கள் என்று மன்றாடினார்கள். அந்தக் காட்சி மக்ரேயின் படத்தில் இருக்கிறது. பிணம் இல்லை, இரத்தம் இல்லை. என்னை அதிகம் உலுக்கியது அதுதான். "ஜெனிவாவில் எதைக் காட்டியிருப்பீர்கள்?" என்று மே 4இல் கேட்டவருக்கு என் பதில்: அதையே முதலில், முழு நீளத்துக்கு. அந்த மண்டபத்தில் இருந்தவர்கள் வெட்கப்படவேண்டிய காட்சி அது.

மே 15

அந்தப் படத்தில் சாட்சி சொல்பவர்களில் பெஞ்சமின் டிக்ஸும் ஒருவர். அன்று வெளியேறிய ஐ.நா. பணியாளர். அவர் பிறகு ஓவியர் லிண்ட்சே பொலொக்குடன் சேர்ந்து வன்னியின் ஒரு குடும்பத்தைப் பற்றி வரைகதை நூல் ஒன்றை 2019இல் கொண்டுவந்தார். அதை இங்கே கொண்டுவருவதற்குக் காரணம் உண்டு. சாட்சி சொன்னவரின் முகத்தை மாற்றி வரையலாம், வீட்டை மாற்றி வரையலாம், நடந்ததை அப்படியே வைக்கலாம். மோட்டார் சைக்கிளில் வருகிறவர்களுக்கு ஆளைப் பிடிக்க முடியாது. தர்மபுரத்து அம்மாவுக்கு அந்த வாய்ப்பு இருந்திருந்தால் என்று நினைக்கிறேன்.

ஆனால் வரைந்த படத்தை வைத்து ஒருவரும் நீதிமன்றத்துக்குப் போக முடியாது. கமரா எடுத்தது சான்று. அந்த இடத்தில் கமராதான் வேண்டும்.

மே 16

பதாகைகளைப் பற்றி எழுதாமல் இதை முடிக்கக் கூடாது. 2013 பெப்ரவரியில் புலிகளின் தலைவர் பிரபாகரனின் மகன், பன்னிரண்டு வயதுச் சிறுவன் பாலச்சந்திரனின் படங்கள் வெளியாயின. மணல் மூட்டைகளுக்கு நடுவில் எதையோ தின்றுகொண்டு உட்கார்ந்திருப்பது ஒன்று. அதற்குப் பின் எடுத்தது இன்னொன்று. அடுத்த மாதம் தமிழ்நாட்டு மாணவர்கள் தெருவில் இறங்கினார்கள். அவர்களின் கோபம் உண்மையானது, அதை மதிக்கிறேன். ஆனால் அந்த முகம் ஓரிரு மாதத்தில் எல்லாக் கட்சிகளின் பதாகைகளுக்கும் போய்விட்டது. தலைவர்களின் சிரித்த முகங்களுக்குக் கீழே ஒரு மூலையில் அந்தப் பிள்ளை. செய்தி வாசிப்பாளராக நாங்கள் அறிந்த இசைப்பிரியாவின் கடைசிக் காட்சிகளும் அப்படித்தான் கை மாறிக் கை மாறிப் போயின. அவரைச் சிரித்த முகத்தோடு திரையில் பார்த்து வளர்ந்தவர்கள் நாங்கள். அவரை வேறு எந்தக் கோலத்திலும் பகிராதீர்கள் என்று நான் எத்தனையோ பேரிடம் மன்றாடியிருக்கிறேன். மே 18, நினைவேந்தல் நாள் வருகிறது. இந்த வருடமும் மன்றாடுகிறேன்.

இயக்குநர் ஒருவர் எவ்வளவு கவனமாக வெட்டினாலும் படம் அவர் கையை விட்டுப் போன பிறகு யார் எதற்கு எடுப்பார்கள் என்பது அவர் வசத்தில் இல்லை. முழுப் படத்தில் அந்தக் காட்சிக்கு முன்னும் பின்னும் விளக்கம் இருக்கிறது, சான்று இருக்கிறது. அதிலிருந்து பத்து விநாடியைப் பிய்த்து ஒரு பாட்டைப் போட்டு அனுப்புகிறவர் யாரும் மக்ரே இல்லை. நாம்தான்.

மே 19

நேற்று முள்ளிவாய்க்காலில் இருந்தேன். எழுத முடியவில்லை.

முதல் கேள்வியில் மிஞ்சியிருப்பது ஒன்று: தங்கள் நாட்டு மக்களின் உடல்களை இப்படிக் காட்டுவார்களா? இதற்கு மக்ரேயின் அடுத்த வேலையிலேயே விடை இருக்கிறது. 1971 ஓகஸ்டில் வட அயர்லாந்தின் பெல்ஃபாஸ்ட் நகரின் பலிமர்ஃபி பகுதியில் மூன்று நாட்களில் பத்துப் பேர் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அவர்களில் ஒரு கத்தோலிக்கப் பாதிரியார், எட்டுப் பிள்ளைகளின் தாய் ஒருவர். சுட்டது பிரித்தானிய இராணுவம் என்றார்கள் குடும்பத்தவர்கள். துப்பாக்கி வைத்திருந்தவர்களைத்தான் சுட்டோம் என்றது இராணுவம். மக்ரே அதைப் பற்றி எடுத்த படம் 2018இல் வந்தது. தன் நாட்டு இராணுவத்தின்மீதும் அதே கேள்வியைத்தான் வைத்தார். வன்னிக்கு ஒரு நியாயம், பெல்ஃபாஸ்டுக்கு வேறு நியாயம் என்று அவர் வைத்திருக்கவில்லை.

ஆனால் அங்கே கொல்லப்பட்டவர்களின் பிள்ளைகள் கமராவுக்கு முன் முழுப் பெயரோடு, சொந்த முகத்தோடு உட்கார்ந்தார்கள். பல பத்தாண்டுகளாக அவர்களே நடத்திவந்த போராட்டம் அது. படம் அதற்குப் பக்கத்தில் வந்து நின்றது. அவர்களை யாரும் கிணற்றுக்கு நடக்கச் சொல்ல முடியாது. 2018 நவம்பரில் மரண விசாரணை மறுபடி தொடங்கியது. 2021 மே 11இல் நீதிபதி தீர்ப்பை வாசித்தார். பத்துப் பேரும் முற்றிலும் குற்றமற்றவர்கள். ஒன்பது பேரின் மரணத்துக்கு இராணுவமே பொறுப்பு. பத்தாவது மனிதரைச் சுட்டது யார் என்று மட்டும் முடிவு செய்ய இயலவில்லை. ஏறக்குறைய ஐம்பது வருடம் ஆகியிருந்தது.

அந்தத் தீர்ப்பின் செய்தியைப் பார்த்தபோது எனக்குப் பொறாமை வந்தது. மறைக்க விரும்பவில்லை. எங்களுக்கும் ஐம்பது வருடம் ஆகுமா என்று கணக்குப் பார்த்தேன். 2059. அந்த மங்கலை நீக்கித் தரச் சொன்ன அம்மா அதுவரை இருக்கமாட்டார். ஆகவே எப்போதோ வரப்போகும் தீர்ப்புக்கு மட்டும் படம் எடுப்பது எங்களுக்குப் போதாது. உயிரோடு இருக்கும்போதே எடுக்கப்பட்டவருக்கு அந்தப் படம் ஏதாவது ஒரு வேலைக்கு உதவ வேண்டும்.

மே 20

"வெளியாட்கள் எடுத்தது போதும், நீங்களே எடுங்கள்" என்கிறார் ஒரு அக்கா. எடுக்கிறார்கள் அக்கா. முல்லைத்தீவு மாவட்டத்தில் ஒரு பல்கலைக்கழக மாணவி தன் கிராமத்துப் பெரியம்மாவைப் பற்றிக் கைத்தொலைபேசியில் படம் எடுத்துக்கொண்டிருக்கிறார். பெரியம்மாவின் காணியில் இராணுவ முகாம் இருக்கிறது. அந்தப் பிள்ளை என்னிடம் ஒலிவாங்கி இரவல் கேட்டு வந்தார். ஒலிவாங்கியோடு ஒன்றே ஒன்றைச் சொல்லி அனுப்பினேன்: முதல் நாள் எடுக்காதே. அடுத்தது, முடிந்ததும் அந்தத் திண்ணையிலேயே போட்டுக் காட்டு.

ஒன்றே ஒன்று என்று சொல்லி இரண்டாகிவிட்டது. இரண்டும் வேண்டும்.

மே 27

மாணவி போட்டுக் காட்டியிருக்கிறார். பெரியம்மாவின் வீட்டில் அயலட்டை எல்லாம் கூடிவிட்டதாம். அழும் இடத்தில் படம் மெதுவாகப் போக வேண்டும் என்று மாணவி இசை சேர்த்திருந்தார். பெரியம்மா அந்த இடத்தையே எடுக்கச் சொல்லிவிட்டார். "நான் அழுததை எல்லாரும் பார்த்தாயிற்று" என்றாராம். அதற்குப் பதிலாக இரும்புப் பெட்டியைத் திறந்து காணி உறுதியை எடுத்து வந்து, இலக்கம் தெளிவாகத் தெரியும்படி எடு, கிழக்கு எல்லை எது மேற்கு எல்லை எது என்று நான் சொல்கிறேன் எழுதிப் போடு, கிணறு எங்கே இருந்தது, பலா எத்தனை நின்றது எல்லாம் வரவேண்டும் என்று சொல்லியிருக்கிறார். பிரதேச செயலகத்தில் காணி விவகாரக் கூட்டம் வரும்போது அதைக் கொண்டுபோய்ப் போட்டுக் காட்டப்போகிறாராம்.

உறுதியின் எழுத்து மங்கிப் போயிருக்கிறது, கைத்தொலைபேசியில் இலக்கம் சரியாக விழவில்லை என்று மாணவி கேட்டிருக்கிறார். நாளை என் கமராவைக் கொண்டுபோகிறேன்.